பேயாண்டியின் எலும்பு

அழகர்மேல் ஆணையாகச் சொல்கிறேன், இதில் ஒரு சொல்லும் பொய்யில்லை.

விளாங்குடிப் பக்கம் சாயப்பட்டறை வந்த பிறகு அதன் கழிவு எங்கள் கிணற்றில் இறங்கியது. அந்தத் தண்ணீரைக் குடித்த பேயாண்டி வயிறு வீங்கிச் செத்தான். மறுநாள் சுடுகாட்டில் பொறுக்கிய எலும்பெல்லாம் ஊதா. பட்டறையில் அன்றைக்கு ஊதாச் சாயம்தான் ஓடியது.

ஆற்றில் கரைக்கும்வரை எலும்புக் கலயத்தை வேப்பமரத்தில் கட்டிவைத்தோம். பட்டறை சிவப்புக்கு மாறியது. கலயத்திலும் எலும்பு சிவந்தது.

பேயாண்டியின் பெண்டாட்டி சீனியம்மாள் கலயத்தைக் கொண்டுபோய் மானேஜர் மேஜையில் கவிழ்த்தாள்.

"எம் புள்ளைகளும் அந்தத் தண்ணியத்தான்யா குடிக்குதுக. பட்டறைய மூடு!"

மானேஜர் ஓர் எலும்பை வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்தார். "சாயம் நல்லாப் பிடிச்சிருக்கு" என்றார்.

"இந்தா, கெணத்துத் தண்ணி. ஒரு செம்பு குடி. ஒன் எலும்புல எம்புட்டுப் பிடிக்குதுன்னு பாப்போம்."

அவர் குடிக்கவில்லை. பட்டறையும் மூடவில்லை. மூடும்வரை கரைக்க மாட்டேன் என்று சீனியம்மாள் கலயத்தை மறுபடி மரத்தில் கட்டிவிட்டாள். நேற்று எலும்பு பச்சை. அவளுடைய சின்ன மகனுக்கு வயிறு வீங்கத் தொடங்கியிருக்கிறது.

எனக்கு இரண்டு கண்ணும் தெரியாது. பேயாண்டி சாவதற்கு முந்தின வருஷமே அந்தத் தண்ணீர் அவற்றை அவித்துவிட்டது.