முனியாண்டி முடக்கில் நிற்காத கார்

"பாருங்க நானா, இந்த லெச்சணத்துல ஓட்டியிருக்கா."

கழற்றிப் போட்டிருந்த பழைய ஹெட் கேஸ்கட்டைக் கிருஷாந்த் தூக்கிக் காட்டினான். இரண்டாவது சிலிண்டருக்கும் மூன்றாவதற்கும் நடுவே அது கருகி அறுந்திருந்தது.

காட்டியது மெக்கானிக் பயாஸ் நானாவுக்கு. ஏச்சு மட்டும் கராஜ் வாசலில் சோற்றுப் பார்சலோடு நின்ற அவன் மனைவி ஜீவராணிக்கு.

அவள் ரோட்டைப் பார்த்துக்கொண்டு நின்றாள்.

பயாஸ் நானா புது கேஸ்கட்டை வைத்து, ஹெட்டை இறக்கி, போல்ட்டுகளை நடுவிலிருந்து வெளிப்பக்கமாக ஒவ்வொன்றாக இறுக்கத் தொடங்கினார். வளைந்த ஹெட்டைப் பட்டறையில் கொடுத்துச் சமப்படுத்தியாயிற்று. எஞ்சின் புளொக்கும் வளைந்திருந்தால் காரைப் பழைய இரும்புக்குத்தான் போட்டிருக்க வேண்டும். இரும்புச் சட்டத்தை வைத்துக் காலையில் பார்த்தபோது புளொக் நேராகத்தான் இருந்தது. இவ்வளவு கொதித்தும் அது எப்படித் தப்பியது என்று தனக்கே விளங்கவில்லை என்றார் நானா.

கிருஷாந்துக்கு அதெல்லாம் காதில் ஏறவில்லை. கார் வாடகைக்கு ஹயர் ஓடினால்தான் வீட்டில் உலை கொதிக்கும். அந்தக் காரை அவன் பிள்ளை மாதிரி வைத்திருந்தான். டர்போ எஞ்சின், ஏத்தத்தில் சூடு கூடும், முள் சிவப்புக்குப் போனால் நின்ற இடத்தில் நிறுத்திவிட வேண்டும் என்று அவளிடம் தலைதலையாக அடித்துக்கொண்டு சொல்லியிருந்தான்.

ரேடியேட்டர் ஹோஸ் கசிந்துகொண்டிருந்ததும் அவனுக்குத் தெரியும். அடுத்த ஹயர் முடியட்டும் என்று விட்டிருந்தான். அதைப் பற்றி மட்டும் இதுவரை வாய் திறக்கவில்லை.

ஏத்தம் முடிகிற வளைவில் முனியாண்டி கோயில்; முனியாண்டி முடக்கு என்பார்கள். றக்வானைப் பக்கத்தில் எந்த டிரைவரும் அங்கே நிற்காமல் போக மாட்டான். சாமிக்குக் கற்பூரம், பக்கத்தில் மலையிலிருந்து கொட்டுகிற பீலியிலிருந்து வண்டிக்குத் தண்ணீர். கொஞ்ச நேரம் ஆறவிட்டுப் போனால் எஞ்சினுக்கு ஒரு குறையும் வராது.

"அங்கயும் நிப்பாட்டல நானா. நிப்பாட்டு நிப்பாட்டுன்னு தொண்ட கிழியக் கத்துறேன். செவிடு மாதிரி போய்க்கிட்டே இருக்கா."

அவன் கத்தியது பின் சீட்டில் படுத்துக்கொண்டு. குளிக்கப் போன இடத்தில் அவன் காலில் புடையன் பாம்பு கடித்திருந்தது. தேயிலைத் தோட்டத்து அம்புலன்ஸ் டயர் இல்லாமல் கட்டை மேல் நின்றது. லயத்து வீடுகளில் வேறு யாருக்கும் கார் ஓட்டத் தெரியாது. லைசென்ஸ் எடுத்த பிறகு தோட்டத்துக் கேட்டைத் தாண்டியே ஓட்டியிராத ஜீவராணிதான் சாவியை எடுத்தாள்.

உயிர் போகிற நேரத்திலும் அவன் கண் அந்த முள் மேலேயே இருந்தது. அப்படிப்பட்ட மனுசன்.

பெரியாஸ்பத்திரி வாசலுக்குப் போய்ச் சேர்ந்ததும் எஞ்சின் இறுகி நின்றது. வார்டில் டிக்கட் வெட்டி வீட்டுக்கு அனுப்பிய நாளிலிருந்து அவன் வாய் நிற்கவில்லை. வீங்கிய காலை ஒரு பழைய டயர் மேல் தூக்கி வைத்துக்கொண்டு, இப்போதும் அதே பாட்டு.

வந்து பார்த்தவர்களிடம் சொல்ல அவனுக்கு இன்னொரு கதையும் இருந்தது. விஷம் ஏறினால் உடம்பு அடுப்பாக எரியுமாம். வெளியே மழை கொட்டுகிறது, இவனுக்கு முகத்தில் நெருப்புக் காற்று அடித்ததாம். வார்டில் பக்கத்துக் கட்டில்காரர்களுக்குக் கையை வீசி வீசிக் காட்டினான். எமன் வாசல் வரைக்கும் போய் வந்தவன் என்று ஒரு பேரும் கிடைத்தது.

பயாஸ் நானா மிச்ச வேலையையும் முடித்து, தண்ணீரை ஊற்றிவிட்டு முன் சீட்டில் ஏறினார். உள்ளே அடைபட்ட காற்று வெளியேற வேண்டுமானால் ஹீட்டரை முழுசாகத் திறந்து வைத்துத்தான் எஞ்சினை ஓட விட வேண்டும். குமிழைத் திருப்பப் போன கை நின்றது.

"கிருஷாந்த், இந்த ஹீட்டர யாரு முழுசா தொறந்து வெச்சீக்கிற?"

ஏசி போட்டாலும் வேர்க்கிற ஊரில் யார் ஹீட்டர் போடுவார்கள்? தெரியாது என்று சொல்ல வாயெடுத்தபோதுதான் அவனுக்கு அது நினைவுக்கு வந்தது.

தோட்டத்து மைதானத்தில் அவளுக்கு ஓட்டப் பழக்கிய நாட்களில் ஒரு தரம் பெருமையடித்திருந்தான். முள் ஏறி, நிறுத்தவே முடியாத இடம் என்றால் ஹீட்டரை முழுசாகத் திறந்துவிடு, எஞ்சின் சூட்டில் பாதி உள்ளே வந்துவிடும், உள்ளே இருக்கிறவன் வெந்து சாவான், எஞ்சின் பிழைக்கும். அன்றைக்கு அவள் மேய்கிற ஆடுகளைப் பார்த்துக்கொண்டிருந்தாள். சொல்வதைக் கேட்பதில்லை என்று அதற்கும் ஏசினான்.

நானா பிஸ்மில்லாஹ் சொல்லிச் சாவியைத் திருப்பினார். எஞ்சின் ஸ்டார்ட் ஆனது.

சூடேறும் வரைக்கும் நானா எஞ்சினைக் கேட்டுக்கொண்டிருந்தார். கிருஷாந்த் நொண்டிக்கொண்டு போய்த் திறந்திருந்த கதவுக்குள் தலையை நீட்டினான். நெருப்புக் காற்று முகத்தில் அடித்தது.

வார்டில் கையை வீசிக் காட்டிய அதே சூடு.

"இதால தான் புளொக் தப்பீக்கி" என்றார் நானா.

கிருஷாந்துக்கு முன்னை விடவும் ஆத்திரம் பொங்கியது. இத்தனை நாள் ஏச்சையும் வாங்கிக்கொண்டு, இதை ஒரு வார்த்தை சொல்லாமல் இருந்திருக்கிறாள்.

"ஏன்டி சொல்லல?"

ஜீவராணி உள்ளே வந்து, சோற்றுப் பார்சலை அவன் கையில் திணித்தாள்.

"எப்படிக் கொண்டு போய்ச் சேத்தேன்னு நீங்க ஒரு நாள் கேட்டீங்களா?"

பஸ் வருகிறது என்று சொல்லிவிட்டு ரோட்டில் இறங்கி நடந்தாள்.