தரும ரொட்டி

ஜேபஸ் போட்டு வைத்திருந்த கணக்குப்படி, அவன் மளிகைக் கடைக்குத் தரவேண்டிய பாக்கி இரண்டு பவுன் பதினொரு ஷில்லிங். போன குளிர்காலத்தில் சுரங்கத்தில் வேலைநிறுத்தம் நடந்தபோது, வீட்டுக்கு வந்த ரொட்டியெல்லாம் கடன்தான் என்று மனைவி ஹன்னா சொல்லியிருந்தாள். ஊர்த் தரும சபை ஏழைகளுக்குச் சீட்டு எழுதி இலவசமாகக் கொடுத்த தரும ரொட்டி பக்கம் அவன் போகவே இல்லை. அதை வாங்கியவனுக்கு ஓட்டுக் கிடையாது என்பது சட்டம். அவன் ஓட்டு சைலஸுக்கு. கூடவே நிலக்கரி வெட்டியவன், இன்று பார்லிமென்டுக்கு நிற்கிறான்.

ஓட்டுச்சாவடியில் குமாஸ்தா அவனை நிறுத்தினார். "உம்ம பேரை எடுத்தாச்சு. தரும ரொட்டி தின்னவருக்கு இங்க என்ன வேலை?"

"நானா? செத்தாலும் தொடமாட்டேன்யா."

"தின்னுட்டு வீறாப்பைப் பாரு," என்று வரிசையில் ஒருவன் சிரித்தான்.

வீட்டுக்கு ஓடினான். ஹன்னா தலை நிமிரவில்லை.

"கடைக்காரன் கடனே குடுக்கலைங்க. புள்ளைங்க அழுதுச்சு, நான்தான் தரும ரொட்டிக்குப் போய் நின்னேன். பொண்டாட்டி வாங்கினாலும் புருஷன் ஓட்டு போயிடும்னு தெரியாதுங்க."

மறுநாள் முடிவு வந்தது. சைலஸ் ஒன்பது ஓட்டில் தோற்றிருந்தான். ஜேபஸ் அவன் முன்னால் போய் நின்றான்.

"என்னைய நாலு அறை அறைஞ்சிடு சைலஸு. எங்க வீட்டு ஓட்டு போச்சு. எந்தப் பாவி அவளுக்கு ரொட்டி எழுதிக் குடுத்தானோ."

சைலஸ் தொப்பியைக் கழற்றி மேசையில் வைத்தான்.

"நான்தாண்டா. அப்ப நான் தரும சபையில இருந்தேன்ல. ஓட்டு போயிடும்னு தெரிஞ்சுதான் எழுதினேன். உன் வீட்டுக்கு மட்டும் இல்ல, நம்ம தெரு முழுக்க."