காரில் இருந்தவர்

மெல்பேர்ண் கிரேக்கக் குடும்பங்களைப் பற்றி வினுஷா எடுத்த ஆவணப்படம் முடிந்து விளக்குகள் எரிந்தபோது, பலர் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தார்கள். அழவைத்தது படத்தில் டெஸ்பினா என்ற கிழவி சொன்னதுதான்:

"என் இங்கிலிஷுக்கு மகள் வெட்கப்படுவாள். பள்ளிக்கூடத்துக்கு ஒரு தெரு தள்ளித்தான் காரை நிறுத்தச் சொல்லுவாள். நானும் நிறுத்துவேன்."

மண்டபத்தில் டெஸ்பினா வந்து வினுஷாவின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"வெளியே நிற்கிறாரே, உன் டிரைவர். என் வீட்டில் மூன்று நாள் படம் எடுத்தாய். அப்போதும் காரிலேயே இருந்தார். இன்றைக்காவது உள்ளே கூப்பிட்டிருக்கலாமே."

"அவருக்கு இதெல்லாம் விளங்காது."

"ஏன் விளங்காது? கதவடியில் நின்று முழுப்படமும் பார்த்தார். நான் பேசுகிற இடத்தில் அழுதார். ஏனென்று இப்போதுதான் கேட்டுவிட்டு வருகிறேன்."

"என்ன சொன்னார்?"

"தனக்கும் ஒரு மகள் இருக்கிறாளாம். அவளைக் குறை சொல்ல மாட்டாராம். வேறொன்றும் சொல்லவில்லை. பாவம், நல்ல மனுஷன்."

வினுஷாவால் நிமிர்ந்து பார்க்க முடியவில்லை.

"அந்த மகள் நான்தான்," என்றாள்.