பிரேசிலைக் கவிழ்த்த பெருவிரல்

“நேத்தைக்கு சாயங்காலம் பிரேசிலை நான் பதினோரு கோலில தோக்கடிச்சாச்சு. அவனுக திருப்பி ஒரு கோல்கூட அடிக்கல்ல” என்றார் ஜெயசிங்.

கருங்கல் இளைஞர் மன்றத்தில் ஒருவரும் சிரிக்கவில்லை. சிரித்தால் விளக்கம் சொல்லத் தொடங்கிவிடுவார் என்ற பயம். இளைஞர் மன்றம் என்று பெயரே தவிர, அதில் ஆக இளையவருக்கு வயது ஐம்பத்தெட்டு. ஜெயசிங்குக்கு எழுபத்தொன்று. அவர் பஸ்சில் ஏறவே கண்டக்டர் கைகொடுக்க வேண்டும்.

“பிரேசில்காரனுக கருங்கல் சந்தைக்கு மரச்சீனி வாங்க வந்தானுகளோ?” என்று கேட்டார் ரத்தினம் சார். ஓய்வுபெற்ற விளையாட்டு ஆசிரியர். முப்பத்திநாலு வருஷம் விசில் ஊதியவர். இப்போதும் விசில் வாயில் இருப்பதாகவே நினைத்துப் பேசுவார்.

“பெட்டியில ஓய், பெட்டியில.”

பெட்டி மேஜைமேல் இருந்தது. ஜெயசிங்கின் மகன் ஷாஜன் பதினைந்து வருஷத்துக்கு முன் தோஹாவிலிருந்து கொண்டுவந்த வீடியோ கேம் பெட்டி. சிடி தட்டு விழுங்கும் வாய் செத்த பிறகு மன்றத்துக்குத் தானமாக வந்தது. மன்றத்துக்கு எந்தத் தானமும் செத்த பிறகுதான் வரும். அதைப் பழைய இரும்போடு ஆக்கர் கடைக்குத் தள்ளவேண்டும் என்று அன்று காலை தீர்மானம் கொண்டுவந்ததே ரத்தினம் சார்தான். ஆக்கர்காரர் இசக்கி சாக்கோடு வாசலில் நின்றார்.

போட்டுக் காட்டிவிடலாம் என்றால் கரண்டு இல்லை. மாதாந்திரப் பராமரிப்பு, சாயங்காலம் ஐந்து மணிக்குத்தான் வரும். இசக்கி அதுவரை நிற்கமாட்டார்.

ஜெயசிங் பெட்டியின்மேல் கையை வைத்துக்கொண்டார். மனைவி போனபிறகு, மத்தியானம் மூன்றிலிருந்து ஆறுவரை உள்ள நேரத்தை எங்கே கொண்டு வைப்பது என்று தெரியாமல் திண்டாடியவர். பெட்டி அந்த மூன்று மணி நேரத்தையும் மிச்சமில்லாமல் தின்றது. அது போனால் மறுபடியும் சுவர்க்கடிகாரத்தோடுதான் குடித்தனம்.

“தட்டு எடுக்காத பெட்டியில ஆட்டம் எப்படிவே வரும்?” என்று ரத்தினம் சார் விசாரணையைத் தொடங்கினார்.

“இறக்கினேன். ஷாஜன் அந்தக் காலத்தில பணம் கட்டி வாங்கின ஆட்டமெல்லாம் அவன் கணக்கில அப்படியே கிடக்கு. அந்தப் பழைய பட்டியலைத் தேடிப் பிடிக்கவே நாலு நாள். அவன் போனில வழி சொல்லுகான், நான் அமுக்குகேன். கடைசியில அவனுக்குப் பிரஷர் ஏறி, தோஹாவில மாத்திரை எழுதிக் குடுத்திட்டாவ.”

“பொறவு?” என்றார் மன்றத் தலைவி நேசபாய் டீச்சர், ஆர்வத்தை மறைக்க மினிட் புத்தகத்தைப் புரட்டியபடி.

“ஏழு நாளு இறங்கிச்சு டீச்சர். கருங்கல்ல உள்ள நெட்டு முழுக்க நம்ம பெட்டிக்குள்ள போயிட்டு. பேங்கையே ஒரு நாள் பூட்டிப் போட்டாவ.”

“அது ரெண்டாம் சனிக்கிழமை” என்றார் ரத்தினம் சார்.

ஜெயசிங் காதில் வாங்கவில்லை. “இறங்கினாப் போதுமா? அது டிவி திரையில ஒரு குமிழுக்குள்ள சும்மா கிடந்துச்சு. ரெண்டு நாள் கண்ணாடியைத் துடச்சுத் துடச்சு அந்தக் குமிழையே பாத்துக்கிட்டு இருந்தேன். அதை அமுக்கினாத்தான் ஆட்டம் உள்ள ஏறும்னு ஒருத்தனும் சொல்லல்ல. அமுக்கினா, இடம் இல்லேங்குது. பொறவு அதில கிடந்த ஷாஜன் கல்யாண வீடியோவை அழிச்சு இடம் உண்டாக்கினேன். மருமவ காதில போட்டிராதீங்க.”

“சரி அண்ணே, பெட்டி தானா ஆடுச்சா, எதிர ஆளு உண்டா?” என்றார் டீச்சர்.

“ஆளு உண்டு. பிரேசிலுக்கு ஆடினது அந்த ஆளுதான்.”

“யாரு?”

“பேரை என் வாயால சொல்லமாட்டேன்னு வேதப்புத்தகத்தில கைவச்சு சத்தியம் பண்ணியிருக்கேன் டீச்சர்.”

“கண்டீரா, பேரில்லாத சாட்சி!” ரத்தினம் சார் மேஜையைத் தட்டினார். “பந்துன்னா காலில ஆடணும். பெருவிரலில ஆடுகதுக்குப் பேரு பந்தாட்டமா? இசக்கி, தூக்கும்.”

நேசபாய் டீச்சர் பரிதாபமாகப் பார்த்தார். “பெட்டி ஓடுதுன்னு சொல்ல ஒரு சாட்சி வேணும் அண்ணே. இல்லாட்டி நான் என்ன செய்ய?”

இசக்கி பெட்டியைத் தூக்கிச் சாக்கின் வாய்க்குக் கொண்டுபோனார்.

“தூக்கட்டு” என்றார் ஜெயசிங். “ஆனா ஆட்டத்தைச் சொல்லி முடிச்சிருகேன். பதினோரு கோலுன்னு நான் தன்னடக்கமாச் சொன்னது. நெசத்தில பதினாலு. அந்த ஆளு கண்ட்ரோலரைத் தலைகீழாப் பிடிச்சுத் தன்னோட கோலிலயே ரெண்டு அடிச்சான்.”

ரத்தினம் சாரின் கழுத்து நரம்பு ஒன்று புடைத்தது.

“பொறவு பாத்தா, பிரேசில் கோலி போஸ்டில சாஞ்சு நின்னு கொட்டாவி விடுகான். நான் சாயா குடிச்சுக்கிட்டே ஒத்தக் கையால அடிக்கேன். பதினஞ்சு. பதினாறு. பதினேழாவது விழுந்தப்போ, அந்த ஆளு தோளில கிடந்த துவர்த்தை எடுத்துக் கண்ணைத் துடச்சான் டீச்சர். சின்னப் பிள்ளை மாதிரி ஏங்கி ஏங்கி…”

நாற்காலி பின்னால் விழ, ரத்தினம் சார் துள்ளி எழுந்தார்.

“பதினேழா? புளுகுக்கும் ஒரு எல்லை வேண்டாமாவே! நான் வாங்கினது மொத்தமே ஒம்பது. அதிலயும் ஏழாவது ஆஃப்சைடுன்னு நேத்தைக்கே உம்மகிட்ட தொண்டை கிழியக் கத்தினேனா, இல்லியா?”