பூண்டு வேண்டாம்

பாலகணேஷ் ஒரு பிடி மைதா மாவை எடுத்துத் தன் சட்டையில் தாராளமாகத் தேய்த்துக்கொண்டான். அடுப்பு மேடையில் கொஞ்சம் பாலைச் சிந்தினான், வேகாத மக்ரோனி நாலைந்தைப் பக்கத்தில் உருட்டிவிட்டான். தள்ளி நின்று பார்த்தால் இரண்டு மணி நேரமாகச் சமையல் நடந்த இடம் போலவே இருந்தது. நடக்காதது சமையல் ஒன்றுதான்.

சமையல் அவனுக்குச் சுட்டுப் போட்டாலும் வராது. போன வருஷம் தரமணி ஆபீசில் ஸஹானாவை அசத்துவதற்காக, மந்தைவெளியில் யாரோ வீட்டில் செய்து ஆர்டருக்கு அனுப்பும் சீஸ் மக்ரோனியை வாங்கிப்போய், தானே செய்தது என்று வாய் கூசாமல் சொல்லிவிட்டான். அவள் ஒரு வாய் சாப்பிட்டுக் கண்ணை மூடினாள். அன்றைக்கு ஆரம்பித்த பொய் இன்றைக்கு தி. நகரில் அவன் வீட்டுச் சமையலறை வரை வந்து நிற்கிறது.

ஸஹானாவின் அம்மா கோமளம் மாமி ஜாதி கேட்கவில்லை, ஜாதகம் கேட்கவில்லை. அவருடைய கணவர் ராமானுஜம் கல்யாணமாகி முப்பத்திரண்டு வருஷத்தில் ஒரு தம்ளர் காபி கலந்து கொடுத்தவரில்லை. பெண்ணுக்கும் அந்தக் கதி வரக் கூடாதாம். பையன் கையால் ஒரு வாய் சாப்பிட்டுவிட்டுத்தான் சரியா, இல்லையா என்று சொல்வாராம்.

ஒரு சிக்கல் இருந்தது. அந்த மக்ரோனியில் சேர்ப்பது பூண்டு கலந்த கிரீம் சீஸ். மாமி வீட்டிலோ பூண்டு வாசற்படி ஏறியதே கிடையாது. அதனால் இந்த முறை ஆர்டரோடு ஒரு குறிப்பும் எழுதி அனுப்பினான்.

'பூண்டு வேண்டாம். மிளகு போட்ட சீஸாக இருக்கட்டும். சாப்பிடப் போகிறவர் என் வருங்கால மாமியார், மயிலாப்பூரிலேயே கறாரான மாமி. என் கல்யாணமே உங்கள் கையில்தான் இருக்கிறது.'

பதினொரு மணிக்குப் பார்சல் வந்தது. மக்ரோனியை அலுங்காமல் கண்ணாடிப் பாத்திரத்துக்கு மாற்றி, பார்சல் தட்டைக் குப்பைக்கூடையின் அடியில் புதைத்தான். ஓவனுக்குள் அம்மா அடுக்கி வைத்திருந்த பிளாஸ்டிக் டப்பாக்களைக் கட்டிலுக்கு அடியில் தள்ளிவிட்டு, பாத்திரத்தை உள்ளே வைத்து மிதமாகச் சூடேற்றினான். நல்லவேளை, அப்பாவும் அம்மாவும் ஜவுளிக்கடைக்குப் போயிருந்தார்கள்.

பன்னிரண்டுக்கு வருவதாகச் சொன்னவர்கள் வரும்போது மணி பன்னிரண்டரை.

"தினமும் காலம்பற மந்தைவெளில விசாலாக்ஷி மாமி ஆத்துக்குப் போய் சகஸ்ரநாமம் சொல்லாம அம்மாவுக்குப் பொழுது போகாது. இன்னிக்குன்னு பார்த்து லேட்" என்று ஸஹானா காதோரமாக அலுத்துக்கொண்டாள்.

மாமி முதலில் பார்த்தது சட்டையில் இருந்த மாவைத்தான். பிறகு நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார்.

"மக்ரோனியை எவ்வளவு வேகவெச்சே?"

"முக்கால் பதம் மாமி. மீதி ஓவன்ல வெந்துடும்."

"சீஸ் எப்போ சேர்த்தே?"

"மைதாவும் பாலும் கெட்டியானதும் அடுப்பை அணைச்சிட்டு, அப்புறமா." ராத்திரியெல்லாம் வீடியோ பார்த்து உருப்போட்டது வீண் போகவில்லை.

"மிளகு மிக்சில பொடிச்சதா?"

இது எந்த வீடியோவிலும் வரவில்லை. "ஆமா மாமி" என்று குத்துமதிப்பாகச் சொல்லி வைத்தான்.

அவன் பாத்திரத்தைக் கொண்டுவந்து வைத்ததும் மாமி ஓரத்தில் முறுகலாக இருந்த இடமாகப் பார்த்து ஒரு கரண்டி எடுத்தார். நிதானமாக மென்றார்.

"இல்லை, இது இடிச்சது" என்றார்.

ஸஹானா அவசரமாக, இவனுக்கு எப்பவுமே வார்த்தை மாறிப் போகும் என்று ஏதோ சொல்லிச் சமாளித்தாள். மாமி அதைக் காதில் வாங்கியதாகவே தெரியவில்லை. இன்னொரு கரண்டி போட்டுக்கொண்டார், வழித்துச் சாப்பிட்டார். நன்றாக இருக்கிறது என்றோ இல்லை என்றோ ஒரு வார்த்தை வரவில்லை. பத்து நிமிஷத்தில் ஸஹானா கைவிரல் நகம் அத்தனையையும் கடித்துவிட்டாள்.

மாமி தட்டை எடுத்துக்கொண்டு சமையலறைக்கு நடந்தார். "குடுங்க மாமி, நான் கழுவறேன்" என்று பாலகணேஷ் பின்னாலேயே ஓடினான்.

மேடையில் கிடந்த வேகாத மக்ரோனியில் ஒன்றை எடுத்து மாமி விரலால் உருட்டிப் பார்த்தார். பிறகு ஒன்றுமே நடக்காதது போல, வருகிற ஞாயிற்றுக்கிழமையிலிருந்து நீயும் விசாலாக்ஷி ஆத்துக்கு வாயேன் என்றார்.

அவனுக்குத் தலையும் புரியவில்லை, வாலும் புரியவில்லை. "எனக்கு ஸ்லோகம் ஒண்ணும் வராதே மாமி."

"அங்கே யாரும் ஸ்லோகம் சொல்றதில்லை."

மாமி கூடத்தை ஒருமுறை எட்டிப் பார்த்தார். ஸஹானா அங்கேயேதான் உட்கார்ந்திருந்தாள். மாமி குரலைத் தாழ்த்திக்கொண்டார்.

"மயிலாப்பூர்லயே கறாரான மாமின்னு எழுதியிருந்தேளே மாப்பிள்ளை, அதான் சீஸ் ஒரு கை கூடவே போட்டேன்."