மூடியில் ஒரு ஓட்டை

எனக்கு நுரையீரலில் புற்றுநோய். உடம்பின் எதிர்ப்புச் சக்தியையே அதன்மேல் ஏவிவிடும் மருந்து இப்போது வந்திருக்கிறது என்றார் டாக்டர். பிறகு, "சிகரெட் பழக்கம் உண்டாம்மா?" என்று கேட்டார். நான் வாயைத் திறப்பதற்குள் என் கணவர் நிமிர்ந்து உட்கார்ந்து, "எங்க வீட்டுப் பொம்பளைங்களுக்கு அந்தப் பழக்கமெல்லாம் கிடையாது சார்" என்றார்.

மருந்துக்கடையில் அந்த மருந்தை ஐஸில் வைத்துத் தந்த தெர்மாகோல் பெட்டியை அவர்தான் ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு வந்தார். வழியில் எங்கேயோ நின்றிருக்கிறார். பெட்டியை வாங்கிய நர்ஸ் மூடியைத் திருப்பிப் பார்த்தாள். நடுவில் ஒரு ஓட்டை. அதன் விளிம்பு கருகி உருகியிருந்தது.

"என்ன சார் இது?"

"கடையிலேயே அப்படித்தான் குடுத்தாங்க."

நல்லவேளையாக ஐஸ் உருகவில்லை. மருந்து சொட்டுச்சொட்டாக இறங்க ஆரம்பித்ததும் அந்த மூடியைக் கேட்டு வாங்கி முகர்ந்தேன். கல்யாணமான நாளிலிருந்து என் தலையணையில் இருக்கும் அதே சிகரெட் நாற்றம். ஓட்டைக்குள் விரலை விட்டேன்.

"ஸ்கேன்ல டாக்டர் காட்டினாரே சிஸ்டர், அதுவும் இந்த அளவுதான்."

அவர் அவசரமாகக் கையை நீட்டினார். "குடு செந்தாமரை, குப்பையில போட்டுடறேன்."

நான் விரலை எடுக்கவில்லை.