ஆயுத பூஜையன்று நிறுத்திய பெட்டி

சுனாமியில் கரண்ட் கம்பம் சாய்ந்ததால், ஏதோ ஒரு நட்சத்திரத்திலிருந்து கரண்ட் இழுக்கிற பெட்டியைக் கலியனின் உப்பளத்து மோட்டாருக்கு நிவாரணத்துக்கு வந்தவர்கள் மாட்டிவிட்டுப் போனார்கள். எந்த நட்சத்திரம் என்று அவர்களும் சொல்லவில்லை, இவனும் கேட்கவில்லை. மோட்டார் நன்றாகத்தான் ஓடியது. வெயில்தான் உறைக்கவில்லை. மழைக்காலம் நெருங்கியும் பாத்தியில் உப்பு விளையவில்லை.

ஆயுத பூஜையன்று பெட்டியை நிறுத்தித் துடைத்து, அவன் மனைவி திரௌபதி சந்தனம் குங்குமம் வைத்தாள்.

"கோணலா வெச்சிட்டியே!"

"இருக்கட்டுங்க. இன்னிக்கு ஒரு நாளாவது அது ரெஸ்ட் எடுக்கட்டும்."

மதியம் வெயில் முதுகைச் சுட்டது. சாயங்காலத்துக்குள் பாத்தியெல்லாம் வெள்ளை வெளேரென்று உப்பு.

"அப்பாடா, பொழைச்சோம்" என்றான் கலியன்.

மறுநாள் காலை சுவிட்சில் கை வைத்தவன் கிழக்கே பார்த்தான். கடலிலிருந்து சூரியன் எழும்பிக்கொண்டிருந்தது. அதன் நெற்றியில் சந்தனமும் குங்குமமும், அதே கோணலாக.

கலியன் மெதுவாகக் கையை எடுத்துக்கொண்டான்.